ஜாக்கி ராபின்சனுக்கு முன்னால் ஆடியவர்கள்: அங்கீகாரம் ஏன் இவ்வளவு தாமதம்?

உங்கள் கேள்வியை நான் புரிந்துகொண்டது இப்படி: அமெரிக்க பேஸ்பாலில் ஆடிய முதல் கறுப்பின வீரர் 1947-ல் வந்த ஜாக்கி ராபின்சன் என்றுதான் எல்லா இடத்திலும் படித்திருக்கிறீர்கள். ஆனால் 2022-ல், பேஸ்பாலின் பெருமைக்குரியவர்களுக்கு இடம் தரும் ஹால் ஆஃப் ஃபேமில் பட் ஃபவுலர் என்ற ஒருவரைச் சேர்த்தார்கள், அவர் 1913-லேயே இறந்துவிட்டார், 1878-லேயே சம்பளத்துக்கு ஆடியிருக்கிறார் என்கிறார்கள். அப்படியானால் ராபின்சன் முதல் ஆள் என்பது பொய்யா? ஃபவுலருக்கு உண்மையிலேயே ஆட்டத்தால் வந்த தகுதியா, இல்லை காலம் மாறியதால் பரிகாரமாகக் கொடுத்த மரியாதையா? இந்தக் கடைசிப் பகுதியைத்தான் நீங்கள் கொஞ்சம் தயங்கிக் கேட்டிருக்கிறீர்கள். தயங்க வேண்டாம், கேட்க வேண்டிய கேள்விதான். பேஸ்பாலின் ஆரம்ப கால வரலாற்றைப் பழைய செய்தித்தாள்கள் வழியாகப் பல வருடங்களாகப் படித்து வருகிறவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். எது உறுதி, எது சந்தேகம் என்பதையும் போகிற போக்கில் பிரித்துக் காட்டுகிறேன்.

உறுதியானதிலிருந்து ஆரம்பிக்கலாம். ஃபவுலரின் இயற்பெயர் ஜான் டபிள்யூ. ஜாக்சன். 1858-ல் நியூயார்க் மாநிலத்தின் ஃபோர்ட் பிளெய்னில் பிறந்தவர், வளர்ந்தது கூப்பர்ஸ்டவுனில். அப்பா முடிதிருத்துபவர். ஹால் ஆஃப் ஃபேம் இன்று நிற்பதும் அதே கூப்பர்ஸ்டவுனில்தான். 1878 ஏப்ரலில், மாசச்சூசெட்ஸில் ஒரு உள்ளூர் அணிக்காகப் பந்து வீசி, அப்போதைய நேஷனல் லீக் சாம்பியனான பாஸ்டன் அணியை ஒரு காட்சி ஆட்டத்தில் (லீக் கணக்கில் சேராத ஆட்டம்) 2-1 என்று தோற்கடித்தார். அடுத்த சில வாரங்களில் லின் லைவ் ஓக்ஸ் என்ற தொழில்முறை அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. வெள்ளையர் ஆடும் தொழில்முறை அணியில் ஆடியதாக நமக்குத் தெரிந்த முதல் கறுப்பர் இவர்தான். அப்போது வயது இருபது.

அதற்கப்புறம் அவர் வாழ்க்கை முழுக்க ஊர் ஊராக அலைந்ததுதான். பிட்சராக, அதாவது பந்து எறிபவராக, ஆரம்பித்து, இரண்டாவது பேஸ் பக்கம் களம் காக்கும் செகண்ட் பேஸ் ஆட்டக்காரராக மாறினார். ஓர் அணியில் சேருவார், நன்றாக ஆடுவார், சக ஆட்டக்காரர்களோ எதிரணியோ ஆட்சேபம் சொல்வார்கள், அணி அவரை விடுவித்துவிடும், அல்லது லீக்கே பணமில்லாமல் கலைந்துபோகும். சீசன் இல்லாத மாதங்களிலும் வேலை போன மாதங்களிலும் அப்பா சொல்லிக்கொடுத்த முடிதிருத்தும் தொழிலைச் செய்து பிழைத்தார். 1885 கடைசியில் ஸ்போர்ட்டிங் லைஃப் பத்திரிகை அவரைப் பற்றி எழுதியதன் சாரம் இது: நாட்டில் இவரைவிட நல்ல செகண்ட் பேஸ் ஆட்டக்காரர் கிடையாது என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்கிறார்கள், தோல் வெள்ளையாக இருந்திருந்தால் எப்போதோ ஒரு பெரிய அணியில் இருந்திருப்பார். இதை எழுதியது அனுதாபிகள் நடத்திய சின்னப் பத்திரிகை இல்லை, அந்தக் காலத்தின் முன்னணி விளையாட்டு வார இதழ். அவருடைய திறமை 1885-லேயே எல்லோருக்கும் தெரிந்த விஷயம். பின்னாளில் யாரோ கண்டுபிடித்துச் சொன்னது அல்ல.

சரி, அப்படியானால் மேஜர் லீக்கில், அதாவது உச்ச நிலை லீக்கில், முதல் ஆள் யார்? இங்கேதான் மோசஸ் ஃப்ளீட்வுட் வாக்கர் வருகிறார். ஓஹையோக்காரர், ஓபர்லின் கல்லூரியிலும் மிச்சிகன் பல்கலைக்கழகத்திலும் படித்தவர், கேட்சர். கேட்சர் என்றால் பேட்டருக்குப் பின்னால் உட்கார்ந்து பந்தைப் பிடிப்பவர், நம் விக்கெட் கீப்பரின் இடம். அன்றைக்கு இன்றைய தடித்த கையுறை கிடையாது, வெறுங்கையிலோ மெல்லிய தோலுறையிலோதான் பிடிக்க வேண்டும். அவர் ஆடிய டொலிடோ அணி 1884-ல் அமெரிக்கன் அசோசியேஷனில் சேர்ந்தது, அது அன்றைய மேஜர் லீக்குகளில் ஒன்று. அந்த ஆண்டு மே 1-ம் தேதி லூயிவில்லில் முதல் ஆட்டம் ஆடினார். மொத்தம் 42 ஆட்டங்கள், பேட்டிங் சராசரி .263, அதாவது நூறு வாய்ப்பில் சுமார் 26 முறை அடி பலித்தது. கேட்சர்கள் மட்டையடிப்பதை யாரும் எதிர்பார்க்காத காலத்தில் அது நல்ல எண். அவருடைய தம்பி வெல்டியும் அதே சீசனில் சில ஆட்டங்கள் ஆடினார்.

வாக்கர் எப்படி ஆட வேண்டியிருந்தது என்பதற்கு டோனி முல்லேன் பின்னாளில் சொன்னதே போதும். அவர் டொலிடோவின் முதன்மைப் பிட்சர். தான் சேர்ந்து ஆடிய கேட்சர்களில் வாக்கர்தான் சிறந்தவர் என்று ஒப்புக்கொண்டார். ஆனால் ஒரு கறுப்பரிடமிருந்து சைகை வாங்கப் பிடிக்காததால், அவர் காட்டிய சைகையைப் பார்க்காமல் தன் இஷ்டத்துக்கு எறிந்ததாகவும் அவரே சொன்னார். என்ன பந்து வருகிறது என்று தெரியாமலேயே, காப்பில்லாத கையால், வாக்கர் அந்த சீசனில் பிடித்திருக்கிறார். அந்த நிலையில் எடுத்த .263 அது. அந்த வருடம் ரிச்மண்டிலிருந்து டொலிடோ மேலாளருக்கு ஒரு மிரட்டல் கடிதமும் வந்தது: வாக்கரை இங்கே கூட்டிவந்தால் தாக்குவதற்கு 75 பேர் உறுதி எடுத்திருக்கிறோம் என்று. அதற்குள் காயத்தால் ஒதுங்கியிருந்ததால் அவர் ரிச்மண்டுக்குப் போகவில்லை.

வாக்கருக்கும் முன்னால் ஒருவர் உண்டா என்பதுதான் சந்தேகத்துக்கு இடமான பகுதி. 1879 ஜூன் 21-ம் தேதி நேஷனல் லீக்கின் பிராவிடன்ஸ் அணியில் ஃபர்ஸ்ட் பேஸ் ஆட்டக்காரருக்குக் காயம். பிரவுன் பல்கலைக்கழக மாணவர் வில்லியம் எட்வர்ட் வைட் ஒரே ஒரு ஆட்டத்துக்கு அவருக்குப் பதிலாக இறங்கினார். ஜார்ஜியாவில் ஒரு வெள்ளை முதலாளிக்கும் அவரால் அடிமைப்படுத்தப்பட்டிருந்த பெண்ணுக்கும் பிறந்தவர் இவர் என்பதை இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் ஆய்வாளர்கள் ஆவணங்களிலிருந்து காட்டினார்கள். ஆவணங்களில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் வைட் தன்னை வெள்ளையராகவே சொல்லிக்கொண்டு வாழ்ந்தார், மக்கள்தொகைக் கணக்கிலும் அப்படித்தான் பதிவாகியிருக்கிறது. பிறப்பை வைத்துப் பார்த்தால் அவர் முதல் ஆள். கறுப்பராக அறியப்பட்டு, அதற்கான அவமானத்தைத் தாங்கி ஆடிய முதல் ஆள் என்றால் வாக்கர். எனக்கு இரண்டாவதுதான் சரியாகப் படுகிறது, ஆனால் மற்றதைச் சொல்கிறவர்களும் தவறாகச் சொல்லவில்லை.

இனி, இவர்கள் எப்படி வெளியேற்றப்பட்டார்கள் என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். அங்கீகாரத் தாமதத்தின் வேர் அங்கேதான் இருக்கிறது. 1887-ல் இன்டர்நேஷனல் லீக் என்பது மேஜர் லீக்குகளுக்கு ஒரு படி கீழே இருந்த வலுவான லீக். அந்த சீசனில் அதில் பல கறுப்பின வீரர்கள் ஆடினார்கள். பஃபலோவில் ஃபிராங்க் கிராண்ட், நெவார்க்கில் பிட்சர் ஜார்ஜ் ஸ்டோவியும் அவருக்குக் கேட்சராக வாக்கரும், பிங்ஹாம்டனில் ஃபவுலர். கிராண்ட் அந்த ஆண்டு .350-க்கு மேல் அடித்தார், லீக்கிலேயே அதிக ஹோம் ரன்களும் (நம் சிக்ஸர் போன்றவை) அவருடையவைதான். ஸ்டோவி முப்பதுக்கும் மேற்பட்ட ஆட்டங்களை வென்று கொடுத்தார். துல்லியமான எண்ணிக்கை ஆளுக்கொன்றாக இருக்கும், அந்தக் காலத்துப் பதிவுகள் அப்படி, ஆனால் முப்பதுக்கு மேல் என்பதில் யாருக்கும் கருத்து வேறுபாடு இல்லை. ஆக, கறுப்பர்களால் ஆட முடியவில்லை என்று யாரும் சொல்லக்கூடிய நிலை இல்லை. பிரச்சினையே நன்றாக ஆடியதால்தான் வந்தது. பிங்ஹாம்டனில் ஃபவுலரின் சக ஆட்டக்காரர்கள் அவரோடு ஆட மாட்டோம் என்று நிர்வாகத்துக்குத் தந்தி அடித்தார்கள், ஃபவுலர் விடுவிக்கப்பட்டார்.

1887 ஜூலை 14-ம் தேதி இரண்டு சம்பவங்கள் நடந்தன. பஃபலோவில் கூடிய லீக் நிர்வாகிகள், இனிமேல் கறுப்பின வீரர்களின் ஒப்பந்தங்களை ஏற்பதில்லை என்று 6-4 வாக்குகளில் முடிவெடுத்தார்கள். கறுப்பின வீரர்கள் இல்லாத ஆறு அணிகள் தடைக்கு ஆதரவு, அவர்கள் இருந்த நான்கு அணிகள் எதிர்ப்பு. தங்கள் அணியில் ஆட வைத்துப் பார்த்த முதலாளிகள் அவர்களை வைத்துக்கொள்ள விரும்பினார்கள் என்பதைக் கவனியுங்கள். அதே நாள் நெவார்க்கில், சிகாகோ அணியோடு நடந்த காட்சி ஆட்டத்தில் ஸ்டோவியும் வாக்கரும் இறக்கப்படவில்லை. சிகாகோவின் கேப்டன் கேப் ஆன்சன் கறுப்பர்களோடு ஆட மறுத்ததே காரணம். ஸ்டோவிக்கு உடம்பு சரியில்லை என்று வெளியே சொன்னார்கள்.

ஆன்சன் 1883-லும் டொலிடோவில் இதையே முயன்றார். அன்று வாக்கருக்குக் கையில் காயம், ஆடுவதாகவே இல்லை. ஆன்சன் மிரட்டியதும் டொலிடோ மேலாளர் வேண்டுமென்றே வாக்கரை வெளிக்களத்தில் நிறுத்தினார். ஆடாமல் போனால் நுழைவுக் கட்டணத்தில் பங்கு கிடைக்காது என்றதும் ஆன்சன் இறங்கிவந்து ஆடினார். நான்கு வருடத்துக்குள் நாட்டின் மனநிலை அவர் பக்கம் சாய்ந்துவிட்டது. நிறத்தடை ஆன்சன் ஒருவரால் வந்தது என்று எழுதுகிறவர்கள் உண்டு. நான் அதை முழுதாக ஏற்கவில்லை. 1867-லேயே அமெச்சூர் கழகங்களின் தேசியச் சங்கம் கறுப்பின உறுப்பினர்கள் உள்ள கழகங்களைச் சேர்ப்பதில்லை என்று முடிவு செய்திருந்தது. எல்லோரும் மனதில் வைத்திருந்ததை நாட்டின் மிகப் பிரபலமான ஆட்டக்காரர் வாய்விட்டுச் சொன்னார், மற்றவர்கள் அதன் பின்னால் ஒளிந்துகொண்டார்கள். ஆன்சனின் பொறுப்பு பெரியது, ஆனால் அவரை மட்டும் குற்றவாளியாக்கினால் அந்த ஆறு வாக்குகளைப் போட்டவர்கள் தப்பித்துவிடுவார்கள்.

1888-ல் வெல்டி வாக்கர், இன்னொரு லீக்கிலும் இதே தடை வந்தபோது, அதன் தலைவருக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினார். தடுப்பதென்றால் திறமையோ நடத்தையோ அறிவோ போதவில்லை என்று காரணம் சொல்லுங்கள், நிறத்தைக் காரணமாகச் சொல்லாதீர்கள் என்பது அதன் சாரம். ஸ்போர்ட்டிங் லைஃப் அதை வெளியிட்டது.  அதே ஆண்டு பஃபலோ வீரர்கள் கிராண்டோடு அணிப் புகைப்படத்துக்கு உட்கார மறுத்தார்கள். 1889-ல் சிராகியூஸ் அணிக்காக ஃப்ளீட்வுட் வாக்கர் ஆடியதோடு அந்த லீக்கில் கறுப்பர்கள் முடிந்துபோனார்கள். அடுத்த கறுப்பினர் அந்த லீக்கில் கால்வைத்தது 1946-ல், மான்ட்ரியல் ராயல்ஸ் அணிக்காக. அவர்தான் ஜாக்கி ராபின்சன். மறு வருடம் அவர் புரூக்ளின் டாட்ஜர்ஸுக்கு வந்தார். ஆகவே உங்கள் முதல் கேள்விக்குப் பதில்: ராபின்சன் உடைத்தது சுமார் அறுபது ஆண்டு நின்ற ஒரு சுவரை. அந்தச் சுவர் எழுந்தபோது உள்ளே ஏற்கெனவே ஆடிக்கொண்டிருந்தவர்களை வெளியே தள்ளித்தான் எழுப்பினார்கள். ராபின்சனின் பெருமை இதனால் குறையவில்லை. அவரை ஆரம்பம் என்று சொல்லும்போது, 1887-ல் எடுக்கப்பட்ட முடிவு நம் கண்ணிலிருந்து மறைந்துவிடுகிறது, எனக்கு அதுதான் வருத்தம்.

அங்கீகாரம் ஏன் தாமதமானது? தகவல் இல்லாததால் அல்ல. இவர்களோடு ஆடிய சோல் வைட் 1907-லேயே கறுப்பர் பேஸ்பாலின் வரலாற்றை நூலாக எழுதி, கிராண்டையும் ஸ்டோவியையும் வாக்கரையும் பற்றிப் பதிவு செய்துவிட்டார். கேட்க ஆளில்லை. ஹால் ஆஃப் ஃபேம் 1939-ல் திறக்கப்பட்டது, அதே ஆண்டு ஆன்சன் அதில் சேர்க்கப்பட்டார். உள்ளே வர ஒரு வீரர் மேஜர் லீக்கில் பத்து சீசன் ஆடியிருக்க வேண்டும் என்று விதி வந்தது. உள்ளே விடாமல் தடுக்கப்பட்டவர்களிடம் உள்ளே பத்து வருடம் இருந்ததற்கு அத்தாட்சி கேட்கும் விதி அது. யாரும் வன்மத்தோடு எழுதியதாகத் தெரியவில்லை, ஆனால் விளைவு அதேதான். 1969-ல் எந்தெந்த லீக்குகள் மேஜர் என்று முடிவுசெய்ய ஒரு குழு அமைத்தார்கள். ஆறு லீக்குகளை ஏற்றார்கள், கறுப்பர்களின் நீக்ரோ லீக்குகள் எதுவும் அதில் இல்லை.

கதவைத் தட்டியவர் ஒரு வெள்ளை நட்சத்திரம். 1966-ல் தன் சேர்ப்பு விழாவில் டெட் வில்லியம்ஸ், நீக்ரோ லீக் நட்சத்திரங்களான சாச்சல் பேய்ஜும் ஜாஷ் கிப்சனும் ஒருநாள் இங்கே இடம்பெற வேண்டும் என்று மேடையிலேயே சொன்னார். 1971-ல் பேய்ஜைச் சேர்த்தார்கள். முதலில் தனிப் பிரிவில் வைப்பதாக அறிவித்து, பெரிய எதிர்ப்பு வந்ததும் மாற்றிக்கொண்டார்கள். ஆனால் அந்தச் சுற்றில் கவனம் பெற்றவர்கள் 1920-க்குப் பிந்தைய ஆட்டக்காரர்கள்தான். பார்த்தவர்கள் உயிரோடு இருந்தார்கள், நினைவுகள் இருந்தன. 1880-களில் ஆடியவர்களுக்கு அப்படிப் பேச ஒருவரும் மிஞ்சவில்லை. 2006-ல் ஒரு சிறப்புக் குழு ஒரே நேரத்தில் பதினேழு பேரைத் தேர்ந்தெடுத்தபோதுதான் ஃபிராங்க் கிராண்டும் சோல் வைட்டும் உள்ளே வந்தார்கள். கிராண்ட் இறந்து அப்போது 69 ஆண்டுகள் ஆகியிருந்தன.

இவர்களில் பலருடைய கல்லறைகளில் பெயர்கூட இல்லை என்பதைச் சொல்லாமல் போக முடியாது. ஃபவுலர் 1913-ல் நியூயார்க் மாநிலத்தின் ஃபிராங்க்ஃபர்ட்டில் கையில் காசில்லாமல் இறந்தார். அவர் கல்லறைக்குக் கல் வைத்தது 1987-ல், பேஸ்பால் வரலாற்று ஆய்வாளர்களின் சங்கம். வாக்கரின் கல்லறைக்கு 1990-ல் ஓபர்லின் கல்லூரியோடு தொடர்புடைய அமைப்பு ஒன்று கல் வைத்தது. கிராண்டுக்கு 2011-ல், அதாவது ஹால் ஆஃப் ஃபேமுக்குள் வந்து ஐந்து வருடம் கழித்து. சோல் வைட்டுக்கு 2014-ல். இந்த வேலைகளைச் செய்தவர்கள் பெரும்பாலும் தன்னார்வலர்கள். இவர்கள் இடுகாட்டுப் பதிவேடுகளைத் தேடினார்கள், நுண்படச் சுருளில் இருந்த செய்தித்தாள்களை நாள்நாளாகப் புரட்டி ஆட்ட விவரங்களைக் கையால் குறித்தார்கள். ஃபவுலருக்கு 2021 டிசம்பரில் 16 பேர் கொண்ட குழுவில் சரியாகத் தேவையான 12 வாக்குகள் கிடைத்தன. அந்த வாக்குகளுக்கு அடியில் இருப்பது இவர்களுடைய உழைப்பு.

ஆகவே பரிகாரமா, தகுதியா என்றால், தகுதி என்றே சொல்வேன். ராபின்சனுக்கு முன்னால் வெள்ளையர் லீக்குகளில் இவ்வளவு சீசன்கள் ஆடிய கறுப்பர் வேறு யாரும் இல்லை. வேண்டாம் என்று சொன்ன ஊர்களே மறுபடி மறுபடி அவரைக் கூப்பிட்டன. எல்லாக் கதவும் மூடியபோது மிச்சிகனில் ஒரு வேலிக் கம்பி நிறுவனத்தின் ஆதரவில் பேஜ் ஃபென்ஸ் ஜயன்ட்ஸ் என்ற கறுப்பர் அணியைத் தொடங்கினார். தனி ரயில் பெட்டியில் பயணம் செய்த அணி அது. ஊருக்குள் சைக்கிளில் ஊர்வலம் போய் ஆள் திரட்டும், 1895-ல் நூறுக்கும் மேற்பட்ட ஆட்டங்களை வென்றது. ஆட்டக்காரர், மேலாளர், அமைப்பாளர் என்று மூன்று விதத்திலும் அவருக்கு இடம் உண்டு.

அதே நேரம் ஃபவுலரைப் பற்றிப் புழங்கும் எல்லாக் கதையையும் நம்பிவிடாதீர்கள். ஆணி பதித்த காலணியோடு வேண்டுமென்றே சறுக்கி வந்து காலைக் கிழிப்பவர்களிடமிருந்து தப்ப, முழங்காலுக்குக் கீழே மரக் காப்பைக் கட்டிக்கொண்டு ஆடினார் என்று ஒரு கதை உண்டு. சில இடங்களில் அதே கதை கிராண்டின் பெயரில் வருகிறது. கறுப்பின ஆட்டக்காரர்களைக் குறிவைத்து அப்படிச் சறுக்கினார்கள் என்பது உண்மை. யார் முதலில் காப்புக் கட்டியது என்பதற்கு நான் பந்தயம் கட்ட மாட்டேன். அவருடைய வாழ்நாள் பேட்டிங் சராசரி என்று ஒற்றை எண்ணை யாராவது கொடுத்தாலும் கவனமாக இருங்கள். அவர் ஆடிய பல லீக்குகள் சீசன் நடுவிலேயே கலைந்துவிட்டன, பல ஆட்டங்களின் விவரப் பட்டியலே கிடைக்கவில்லை.

இதோடு கதை நேரானது என்று நினைத்துவிடக் கூடாது. 2020 டிசம்பரில் மேஜர் லீக் பேஸ்பால், ஏழு நீக்ரோ லீக்குகளை மேஜர் லீக்குகளாக ஏற்றது. 2024 மே மாதம் அந்த எண்களை அதிகாரபூர்வப் பதிவில் சேர்த்தார்கள். பழைய மேஜர் லீக் நட்சத்திரம் டை காபின் .367 பின்னுக்குப் போய், ஜாஷ் கிப்சனின் .372 வாழ்நாள் பேட்டிங் சராசரியில் முதலிடத்துக்கு வந்தது. நல்ல முடிவு, எனக்கு மகிழ்ச்சி. ஆனால் அந்த ஏற்பு 1920 முதல் 1948 வரைக்கும்தான். 1920-ல்தான் ரூப் ஃபாஸ்டர் கன்சாஸ் சிட்டியில் முதல் நீக்ரோ நேஷனல் லீக்கை அமைத்தார், அதற்கு முன் நிலையான லீக்கும் அட்டவணையும் இல்லை என்பது அவர்கள் சொல்லும் காரணம். புள்ளிவிவரம் என்று பார்த்தால் காரணம் நியாயமானது. ஆனால் 1885-ல் உருவான கியூபன் ஜயன்ட்ஸ் போன்ற சம்பளம் கொடுத்த முதல் கறுப்பர் அணிகளும், பேஜ் ஃபென்ஸ் ஜயன்ட்ஸும், கிராண்டின் பிற்கால ஆட்டம் முழுவதும் இந்தக் கோட்டுக்கு வெளியே நிற்கின்றன. நிலையான லீக் அமைக்க முடியாமல் போனதற்கே அந்த 1887 முடிவுதானே ஒரு காரணம்.

இப்போது ஹால் ஆஃப் ஃபேமில் 1980-க்கு முந்தைய எல்லோரையும் ஒரே குழுதான் பார்க்கிறது. மூன்று வருடத்துக்கு ஒருமுறை எட்டுப் பெயர்கள் கொண்ட ஒரு பட்டியல். 2024 டிசம்பரில் அந்தப் பட்டியலில் ஜான் டொனால்ட்சன் என்ற பழைய கறுப்பினப் பிட்சர் இருந்தார், தேர்வாகவில்லை. தேர்வானவர்கள் டிக் ஆலனும் டேவ் பார்க்கரும். இருவரும் தகுதியானவர்கள், தொலைக்காட்சியில் பார்த்து வளர்ந்த ரசிகர்கள் அவர்களுக்காகப் பேசினார்கள். ஸ்டோவிக்கு அப்படி யார் இருக்கிறார்கள்? ஃப்ளீட்வுட் வாக்கர் இன்னும் உள்ளே இல்லை. ஒரே சீசன் ஆடியவரை ஆட்டக்காரராகச் சேர்க்க முடியாது என்பது விதிப்படி சரி, முன்னோடி என்ற வகையில் சேர்க்கலாம் என்பது என் கருத்து. பேஜ் ஃபென்ஸை ஃபவுலரோடு சேர்ந்து தொடங்கிய கிராண்ட் ஜான்சன் 2021-ல் ஃபவுலர் தேர்வான பட்டியலில் இருந்தும் வாக்குப் போதாமல் வெளியே நிற்கிறார். பத்தொன்பதாம் நூற்றாண்டுக் கறுப்பின ஆட்டக்காரர்களுக்கு 2006-ல் செய்ததுபோல ஒரு தனிக் குழு இன்னொரு முறை உட்கார வேண்டும், எட்டு இடங்களுக்காக 1970-களின் நட்சத்திரங்களோடு அவர்களைப் போட்டியிட விடக் கூடாது. அந்தப் பட்டியல் அடுத்து வருவது 2027 டிசம்பரில். அதில் எத்தனை பழைய பெயர்கள் வருகின்றன என்பதைப் பாருங்கள், உங்கள் கேள்விக்கு மீதிப் பதில் அதில் கிடைக்கும்.